பாறைக்குறளி: ஓர் அருகிய இலைக்கனின் வரலாறு

கற்பாறை, பழைய மதில், முதிர்ந்த மரத்தின் பட்டை ஆகியவற்றின்மீது சாம்பல் நிறமாகவும் வெளிறிய பச்சை நிறமாகவும் படர்ந்து கிடக்கும் திட்டுக்களை நாம் யாவரும் கண்டிருக்கின்றோம். கண்டும், வெயிலும் மழையும் நெடுங்காலம் தாக்கியதனால் உண்டான கறையென்றே அவற்றைக் கருதிக் கடந்து செல்கின்றோம். ஆயின், அத்திட்டு உயிருள்ளது. அது வளர்கின்றது, உணவாக்குகின்றது, இனம் பெருக்குகின்றது. தாவர நூலார் அதனை இலைக்கன் என வழங்குவர். செட்டிநாட்டுச் சமையலிலே வாசனைச் சரக்காகச் சேர்க்கப்படும் கல்பாசி, பெயரளவிற் பாசியாயினும், உண்மையில் ஓர் இலைக்கனே. இரசாயன ஆய்வுகூடத்திலே அமிலத்தையும் காரத்தையும் பிரித்தறிய மாணாக்கர் கையாளும் பாசிச்சாயமும் இலைக்கன்களினின்று பெறப்பட்டதேயாம். இங்ஙனம் பல்லாயிரம் இனங்களையுடைய இக்கூட்டத்திலே, உலகின் ஒரேயொரு மலைத்தொடரில் மட்டும், அதிலும் குறிப்பிட்ட சில பாறைமுகங்களில் மட்டும் வாழும் ஓர் இனத்தைப் பற்றி ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். அதன் சிறப்பை அறிவதற்கு முன்னர், இலைக்கன் என்பது யாது என்பதைத் தெளிதல் வேண்டும்.

இலைக்கன் தனியோர் உயிரன்று. பங்கசு ஒன்றும் அல்கா ஒன்றும் இணைந்து, இரண்டினும் வேறான ஓர் உடலை ஆக்கி வாழும் கூட்டு வாழ்க்கையே இலைக்கன் எனப்படும். இவ்வுண்மையை 1867 ஆம் ஆண்டில் முதன்முதலாக எடுத்துரைத்தவர் சுவிற்சலாந்து தேசத்துத் தாவர அறிஞராகிய சைமன் சுவெண்டனர் என்பார். அக்காலத்து அறிஞர் பலர் இக்கொள்கையை ஏற்றிலர். இலைக்கன்களை ஆராய்வதிலே தலைசிறந்து விளங்கிய பின்லாந்து தேசத்தவராகிய வில்லியம் நைலாண்டர் அதனை வன்மையாக மறுத்தார். தாம் வாழ்நாளெல்லாம் ஆராய்ந்து பெயரிட்ட உயிர்கள் தனியுயிர்களல்ல, இருவேறு உயிர்களின் கலப்பே என்பதை ஒப்புக்கொள்வது எவர்க்கும் எளிதன்றே. ஆயினும் பின்னர் நிகழ்ந்த ஆராய்ச்சிகள் சுவெண்டனரின் கொள்கையையே நிலைநாட்டின. ஒன்றியவாழ்வு என்னும் கருத்தே உயிர் நூலில் வேரூன்றுவதற்கு இலைக்கன் பற்றிய இவ்வாராய்ச்சி பெருந்துணையாயிற்று. 2016 ஆம் ஆண்டில் வெளியான ஆராய்ச்சியொன்று, பல இலைக்கன்களின் புறப்படையிலே மதுவத்தையொத்த பிறிதொரு பங்கசும் உறைகின்றது எனக் காட்டியது. ஆகவே, இருவர் நடத்தும் குடும்பம் என நாம் எண்ணியிருந்தது சிலவிடத்து மூவர் நடத்தும் குடும்பமாகவும் இருத்தல் கூடும்.

இக்கூட்டில் ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு தொழில் உண்டு. உடலின் பெரும்பகுதி பங்கசின் இழைகளால் ஆயது. அவ்விழைகள் பாறையைப் பற்றிக்கொள்கின்றன. நீரையும் கனிப்பொருள் உப்புக்களையும் உறிஞ்சுகின்றன. கடும் வெயிலினின்று அல்காவை மறைத்துக் காக்கின்றன. புறப்படையின் கீழே ஒரு மெல்லிய அடுக்காக அமைந்துள்ள அல்காவோ, பச்சையத்தின் உதவியால் ஒளித்தொகுப்பு நிகழ்த்தி உணவாக்கி, அதிற் பெரும்பங்கைப் பங்கசுக்கு அளிக்கின்றது. தனித்திருந்தால் அல்கா வெறும் பாறையில் வெயிலைத் தாங்கி நிலைத்தல் அரிது. பங்கசோ உணவின்றி மாயும். இரண்டும் கூடியவிடத்து, வேறெத்தாவரமும் காலூன்ற மாட்டாத வெறும் கல்லும் அவற்றுக்கு உறைவிடமாகின்றது.

இலைக்கன்களின் இயல்புகளுள் இரண்டை ஈண்டுச் சிறப்பாக மனங்கொள்ளுதல் வேண்டும். முதலாவது, அவற்றுக்கு உண்மையான வேர் இல்லை. உயர் தாவரங்களின் இலையை மூடியிருக்கும் மெழுகுப் போர்வையும் இல்லை. மழை, பனி, மூடுபனி, பாறையிற் கசியும் நீர் என்பனவற்றை உடல் முழுவதாலும் நேரே உறிஞ்சுகின்றன. நீர் கிடைத்தபோது விழித்துத் தொழில் புரிகின்றன. நீர் வற்றியபோது உலர்ந்து உறங்குகின்றன. நீரோடு நல்லதும் புகும், தீயதும் புகும். தெரிந்து தடுக்கும் வாயில் எதுவும் அவற்றுக்கில்லை. இரண்டாவது, அவற்றின் வளர்ச்சி மிக மெல்லியது. பாறையில் வாழும் இனங்கள் சில ஓராண்டிலே ஒரு மில்லிமீற்றர்தானும் வளர்வதில்லை. ஆகவே, ஒரு கணத்திற் சுரண்டியெடுக்கப்பட்ட திட்டொன்று மீண்டும் அவ்வளவினதாக வளர்வதற்கு மனிதர் ஒருவரின் வாழ்நாளும் போதாதிருத்தல் கூடும்.

இனி, நாம் எடுத்துக்கொண்ட இனத்தை நோக்குவாம். ஐக்கிய அமெரிக்காவின் கிழக்குப் பாகத்திலே வடக்குத் தெற்காக நீண்டு கிடப்பது அப்பலாச்சியன் மலைத்தொடர். அதன் தென்பகுதியிலே, வட கரோலைனா, தெனசி ஆகிய மாகாணங்களின் எல்லையை ஒட்டி, பெரும் புகைமலைகள், கருமலைகள், றோன் மலை முதலிய உயர்ந்த மலைகள் உள. மிசிசிப்பி நதிக்குக் கிழக்கேயுள்ள சிகரங்கள் அனைத்திலும் உயர்ந்ததாகிய மிச்சல் சிகரம் 6,684 அடி உயரத்துடன் கருமலைகளிலேயே நிற்கின்றது. இப்பிரதேசத்திற்கே உரியது நமது இலைக்கன். வட கரோலைனாவிலும் தெனசியிலும் பெரும்பான்மையாகவும், தென் கரோலைனா, ஜோர்ஜியா, வேர்ஜீனியா ஆகிய மாகாணங்களில் அருகியும் அது காணப்படுகின்றது. உலகில் வேறெங்கும் இல்லை.

விஞ்ஞான நூல்களில் அதன் பெயர் செற்றடோனியா லினியாரிசு என்பது. ஆங்கிலத்திலே பாறையில் உறையும் குள்ளப் பூதம் எனப் பொருள்படும் பெயரால் அதனை வழங்குவர். குள்ளமான சிறு தேவதையைக் குறளி என்பது தமிழ் வழக்காதலின், பாறைக்குறளி என நாம் அதனை அழைத்தல் பொருந்தும். பெயருக்கேற்ப அது மிகச் சிறியது. அதன் உடல் பட்டையான சிறு நாடாக்களை நெருக்கி அடுக்கியதுபோலத் தோன்றும். ஒவ்வொரு நாடாவும் நுனியருகே ஏறத்தாழ ஒரு மில்லிமீற்றர் அகலமே உடையது. மேற்புறம் நீலங் கலந்த சாம்பல் நிறம். கீழ்ப்புறம் பளிச்சிடும் வெண்மை. அடியை நோக்கிச் செல்லச் செல்லக் கறுத்துவிடும். நாடாக்கள் பாறையோடு ஏறத்தாழ ஒட்டிக் கிடப்பினும், அவற்றின் நுனிகள் பாறையை விட்டு வளைந்து மேல்நோக்கி நிமிர்ந்திருக்கும். அந்நுனிகளிலே, யூலை முதல் செத்தெம்பர் வரையுள்ள காலத்தில், கரிய நிறமான சிறு கனியுடலங்கள் தோன்றும். இவ்விலைக்கனுக்கு உறவாகிய கிளடோனியா இனங்களின் கனியுடலங்கள் கபில நிறமாகவோ செந்நிறமாகவோ இருத்தலின், இக்கரிய நிறம் அதனைப் பிரித்தறிதற்கு நல்ல அடையாளமாகும்.

இதன் பெயர் வரலாறும் கருதத்தக்கது. 1947 ஆம் ஆண்டில் யேல் சர்வகலாசாலையைச் சேர்ந்த எவன்சு என்னும் தாவர அறிஞர் இதனைக் கிளடோனியா என்னும் பேரினத்துள் அடக்கிப் பெயரிட்டார். 1968 இல் யொசிமுரா, சார்ப் என்னும் இருவர், வேறு இனங்கள் கிழக்காசியாவிலே வாழ்கின்ற கிம்னோடேர்மா என்னும் பேரினத்தினுள் இதனைச் சேர்த்தனர். அவ்வேறு இனங்களோடும் இது முற்றும் ஒவ்வாமை கண்டு, 2002 இல் வெயி, அத்தி என்னும் அறிஞர் இருவர் இதற்கெனவே செற்றடோனியா என்னும் புதிய பேரினத்தை வகுத்தனர். அப்பேரினத்தில் உள்ள இனம் இது ஒன்றே. இதனை வெறும் பெயர்ப்பூசல் என்று தள்ளிவிடல் ஆகாது. நெருங்கிய உறவினர் பலரையுடைய ஓரினம் அழியின், மரத்தினின்று ஓர் இலை உதிர்ந்ததாகும். தன் பேரினத்தில் தனித்து நிற்கும் ஓரினம் அழியின், ஒரு கிளையே முறிந்ததாகும்.

பாறைக்குறளி வாழும் இடங்கள் இருவகையின. ஒன்று, ஏறத்தாழ 5,000 அடிக்கு மேற்பட்ட உயரத்திலே, மூடுபனி அடிக்கடி தவழும் செங்குத்தான பாறைமுகங்கள். மற்றொன்று, தாழ்ந்த இடங்களாயினும், ஆறுகள் அறுத்தோடும் ஆழ்ந்த பள்ளத்தாக்குக்களின் ஈரம் மிக்க பாறைகள். இரண்டிடத்தும் பொதுவாக அமைந்திருப்பது காற்றின் ஈரப்பதமேயாம். பாறைக்கு மேலேயுள்ள காட்டு மண் நீரை உறிஞ்சி வைத்திருந்து, மழை மிகுந்த காலங்களில் மட்டும் அதனைச் சிறிது சிறிதாகப் பாறைமுகத்தின் வழியே கசியவிடும். அக்கசிவு படும் இடங்களிலேயே, அந்திரேயா என்னும் பாறைப் பாசியின் அயலிலே, பாறைக்குறளி பெரும்பாலும் வளர்கின்றது. எந்நேரமும் நீரோடும் இடம் அதற்கு ஆகாது. முற்றும் உலர்ந்த இடமும் ஆகாது. ஒளியிலும் அவ்வாறே. ஓரளவு ஒளி வேண்டும். ஆனால் கடும் வெயிலை அது தாங்கமாட்டாது. வடக்கு நோக்கிய பாறையாயின் திறந்த வெளியிலும் வாழும். தெற்கும் மேற்கும் நோக்கிய பாறையாயின் மேலே மரநிழல் ஓரளவேனும் இருத்தல் வேண்டும். வெப்பம், ஒளி, ஈரம், நிழல் ஆகிய நான்கும் ஒருங்கே பொருந்திய இடம் ஒரு மலை முழுவதிலும் சிலவே இருத்தலின், இவ்வினமும் ஆங்காங்கே சிதறிச் சிறு சிறு கூட்டங்களாகவே வாழ்கின்றது. 1995 ஆம் ஆண்டளவில் அறியப்பட்டிருந்த கூட்டங்களுட் பெரும்பாலானவை ஒரு சதுர மீற்றர் பரப்பளவினும் மிகாதவை. ஒரு சிறு பாயை விரித்தாற்போன்ற இடத்துள் ஒரு கூட்டம் முழுவதும் அடங்கிவிடும்.

இனப்பெருக்கத்திலும் இடர் உண்டு. கனியுடலங்களிலிருந்து வெளிப்படும் வித்திகள் பங்கசுக்கு மட்டுமே உரியவை. வித்தியொன்று காற்றில் அகன்று சென்று, தகுந்த பாறையில் வீழ்ந்து, ஆங்கே தனக்கேற்ற அல்காவையும் சந்தித்தாலன்றிப் புதிய இலைக்கன் தோன்றமாட்டாது. உடலின் துண்டுகள் ஒடிந்து விழுந்து வளர்தலும் உண்டாயினும், அவை நெடுந்தூரம் செல்லா. 2018 இல் வெளியான பரம்பரையியல் ஆராய்ச்சியொன்று, இவ்விலைக்கனின் கூட்டங்கள் இடத்தால் விலகுந்தோறும் பரம்பரையாலும் வேறுபட்டுச் செல்கின்றன என்று காட்டியது. அஃதாவது, ஒரு மலையிலுள்ள கூட்டத்திற்கும் அயல்மலையிலுள்ள கூட்டத்திற்கும் இடையே போக்குவரவு மிகச் சிறிது. ஒரு மலையிலுள்ள கூட்டம் அழிந்தால், வேறொரு மலையிலிருந்து வித்தி வந்து அவ்விடத்தை நிரப்பும் என்று நம்பியிருத்தல் இயலாது. அம்மலைக்கே உரிய பரம்பரைச் செல்வமும் அக்கூட்டத்தோடு ஒழியும்.

இத்தகைய உயிருக்கு அழிவு வந்த வழியை ஆராயின் பெருவியப்பு உண்டாகும். அதனைத் தின்னும் விலங்கினாலோ, பற்றும் நோயினாலோ அழிவு முதன்மையாக வரவில்லை. பாறைக்கு மேலே நின்ற மரம் அழிந்தமையே முதற் காரணமாயிற்று. தென் அப்பலாச்சியன் மலைகளின் உச்சிகளிலே ஒருவகை ஊசியிலை மரம் உண்டு. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியிலே அம்மலைகளை ஆராய்ந்த ஸ்கொத்துலாந்துத் தாவர அறிஞராகிய யோன் பிரேசரின் பெயரால் அது வழங்குதலின், அதனைப் பிரேசர் மரம் என்போம். அம்மரமும் அம்மலைகளுக்கே உரியது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தையொட்டி, ஐரோப்பாவிலிருந்து ஒரு சிறு பூச்சி மனிதரின் போக்குவரவோடு வட அமெரிக்காவிற் புகுந்தது. ஒரு மில்லிமீற்றரினும் சிறிய அப்பூச்சி, வெண்பஞ்சு போன்ற மெழுகிழைகளால் தன்னைப் போர்த்துக்கொண்டு மரப்பட்டையில் ஒட்டி வாழும். அமெரிக்காவில் உள்ளவை அனைத்தும் பெண் பூச்சிகளே. ஆணின்றியே அவை முட்டையிட்டுப் பெருகுகின்றன. அது பட்டையைத் துளைத்துச் சாற்றை உறிஞ்சும்போது, மரம் தன் இயல்புக்கு மாறான கட்டைத்தன்மையுள்ள இழையத்தை உண்டாக்குகின்றது. அவ்விழையத்தினூடே நீர் செவ்வனே ஏறமாட்டாது. ஆகவே, மழை மிகுந்த மலையிலே நின்றும், மரம் தாகத்தால் மடிவதுபோல மடிகின்றது.

ஐரோப்பிய மரங்கள் இப்பூச்சியோடு நெடுங்காலம் பழகியமையால் அதனைத் தாங்கவல்லன. பிரேசர் மரமோ அதனை முன்னர் அறியாதது. 1957 ஆம் ஆண்டில் மிச்சல் சிகரத்திலும், 1963 இல் பெரும் புகைமலைகளிலும் அப்பூச்சி காணப்பட்டது. அதன் பின்னர் இரண்டு மூன்று பத்தாண்டுகளுள் மலையுச்சிகளில் நின்ற முதிர்ந்த பிரேசர் மரங்களுட் பெரும்பாலானவை பட்டு வெண்ணிற எலும்புக்கூடுகள் போல நின்றன. நிழல் ஒழிந்தது, வெயில் நேரே பாறையைத் தாக்கியது, ஈரத்தை வைத்திருந்து கசியவிட்ட காட்டு மண் உலர்ந்தது. தெற்கும் மேற்கும் நோக்கிய பாறைகளில் நிழலை நம்பி வாழும் பாறைக்குறளிக்கு இது பேரிடராயிற்று. பூச்சி இலைக்கனைத் தீண்டவுமில்லை. எனினும் மரத்தைக் கொன்றதனாலே, அம்மரத்தின் நிழலை நம்பியிருந்த உயிரையும் அது கொல்லலாயிற்று. கப்பலேறி வந்த கண்ணுக்கெட்டாப் பூச்சியொன்றினால் ஒரு மலையின் பாறைமுகம் வறளுதல் எவர் முன்னறிந்தார்? பட்ட மரங்களின் இடத்தில் இளமரங்கள் தழைத்து வருவது ஓர் ஆறுதல். ஆயினும் அவை முதிரும்போது பூச்சியும் மீண்டும் அவற்றைத் தாக்கும் என்னும் அச்சம் நீங்கவில்லை.

பிற இடர்களும் உள. மாசு கலந்த காற்றினால் மூடுபனியும் மழையும் அமிலத்தன்மை அடைகின்றன. உடல் முழுவதாலும் நீரை உறிஞ்சும் இலைக்கனுக்கு அது நஞ்சாதல் கூடும். 1866 ஆம் ஆண்டிலேயே, பாரிசு நகரத்திலே லட்சம்பேர்க்குப் பூங்காவில் இலைக்கன்கள் செழித்திருப்பதையும் நகரின் பிற பகுதிகளில் அவை அருகியிருப்பதையும் கண்டு, காற்றின் தூய்மையை அளந்தறிதற்கு அவை கருவியாகும் என நைலாண்டர் கூறியிருந்தார். மலையேறுவோரின் காலடியும் பாறையேறுவோரின் கைப்பிடியும் நெடுங்காலம் வளர்ந்த திட்டுக்களை ஒரு நொடியில் உரித்துவிடுகின்றன. அருமையான இனம் என்று கேட்டு அதனைச் சேகரிக்க வருவோராலும் இடர் உண்டு. ஒரு சதுர மீற்றருள் அடங்கும் கூட்டத்தினின்று ஒவ்வோர் ஆராய்ச்சியாளரும் ஒரு பிடி கொண்டுசெல்வாராயின், அறிவின்மேலுள்ள காதலே அழிவுக்கு ஏதுவாகிவிடும். இவையனைத்திற்கும் மேலாகப் புவியின் வெப்பநிலை உயர்ந்து வருகின்றது. தாழ்ந்த சரிவில் வாழும் உயிர் வெப்பம் மிகும்போது மேலே நகர இடமுண்டு. மலையுச்சியில் வாழும் உயிருக்கு அதற்கு மேல் இடம் இல்லை.

ஐக்கிய அமெரிக்காவிலே அழியும் நிலையிலுள்ள இனங்களைக் காப்பதற்கான சட்டம் 1973 இல் இயற்றப்பட்டது. அச்சட்டத்தின் பாதுகாப்பை முதன்முதலாகப் பெற்ற இலைக்கன், புளோரிடா மாகாணத்து மணற்பாங்கான நிலங்களில் வாழும் கிளடோனியா பேர்போராற்றா என்பது. அது பட்டியலிற் சேர்ந்தது 1993 இல். பாறைக்குறளி 1995 ஆம் ஆண்டு சனவரி மாதம் 18 ஆந் தேதி அப்பட்டியலில் இரண்டாவது இலைக்கனாக இடம்பெற்றது. 1997 இல் அதனை மீட்பதற்கான திட்டமொன்றும் வகுக்கப்பட்டது. இவ்வாறு பட்டியலிடப்படும் உயிரின் முக்கிய உறைவிடங்களை எல்லை வகுத்து வெளியிடும் ஏற்பாடும் அச்சட்டத்தில் உண்டு. பாறைக்குறளியின் திறத்தில் அது செய்யப்படவில்லை. இருக்குமிடத்தை உலகறியச் செய்தால், தேடிவந்து எடுத்துச் செல்வோரும் சிதைப்போரும் பெருகுவர் என்று அஞ்சினர். மறைத்து வைப்பதும் காத்தலின் ஒரு கூறாயிற்று.

இத்துணைச் சிறியதோர் உயிரைக் காப்பதனால் விளையும் பயன் யாது என வினவுவார் உளர். இவ்வினாவை இகழ்தல் ஆகாது. நேர்மையாகவே விடை கூறல் வேண்டும். பிற இலைக்கன்கள் சில சாயம் தருவன, சில மருந்தாவன, வடதுருவத்தை அடுத்த நாடுகளிலே பனிமான்களுக்குக் குளிர்கால உணவாவன. பாறைக்குறளியினின்று இத்தகைய பயன் எதுவும் பெறப்படவில்லை. சாயமும் மருந்தும் தந்தாலன்றி ஓருயிர் வாழ்தற்கு உரிமையில்லை என்பது நம் கொள்கையாயின், உலகிலுள்ள உயிர்களுட் பெரும்பாலானவற்றைக் கைவிட நேரும். புல்லையும் மரத்தையும் ஓரறிவுயிராக வைத்து உயிர்த்தொகுதியுள் எண்ணிய தொல்காப்பியர் அவற்றின் பயன் நோக்கி அவ்வாறு எண்ணினாரல்லர்.

எனினும் பயன் ஒன்று இல்லாமலும் இல்லை. பாறைக்குறளி மலையின் நிலையை எடுத்துரைக்கும் சாட்சியாக நிற்கின்றது. மேலே காடு நலமாயிருந்தாலன்றிக் கீழே பாறையில் நீர் அளவோடு கசியாது. காற்றுத் தூயதாயிருந்தாலன்றி மூடுபனி நஞ்சின்றி வாராது. ஆகவே, அந்த இலைக்கன் வாழும் பாறையின் மேலே ஒரு மலைக்காடு தன் தொழிலைச் செவ்வனே செய்துகொண்டிருக்கின்றது என்று அறியலாம். அது வாடுமிடத்து, வாடியது அது மட்டுமன்று. மேலும், அதற்கு நேர்ந்த இடர்களுட் பல இயற்கையால் வந்தவையல்ல. பூச்சியைக் கொண்டுவந்தவரும், காற்றை மாசுபடுத்தியவரும், பாறையை மிதித்தவரும் மனிதரே. கேடு செய்தவரிடத்தே காக்கும் கடமையும் பொருந்துகின்றது. இது சட்டத்தினும் முற்பட்ட நீதி.

தாவரவியல் பயிலும் மாணாக்கர் பெரும்பாலும் பூவையும் கனியையும் உடைய தாவரங்களையே நாடுவர். கல்லின்மீது படர்ந்த ஒரு திட்டின்முன் சிறிது நேரம் நின்று, ஓர் உருப்பெருக்கிக் கண்ணாடியால் அதனை நோக்குவார்க்கு, இரு உயிர்கள் ஒன்றையொன்று தாங்கி நிற்கும் ஒழுங்கு புலனாகும். அங்ஙனம் நோக்குவோர் நகத்தாற் சுரண்டாது கண்ணால் மட்டும் கற்றல் வேண்டும். ஏனெனில் அவர் பிறப்பதற்கு முன்னரே அத்திட்டு வளரத் தொடங்கியிருத்தல் கூடும். பாறைக்குறளியின் வரலாறு நமக்கு உணர்த்துவது இதுவே: ஓருயிரைக் காப்பதென்பது அதனைச் சுற்றி வேலியிடுவதன்று, அதற்கு நிழல் தரும் மரத்தையும், நீர் தரும் மண்ணையும், அதைச் சூழ்ந்த காற்றையும் காப்பதேயாம்.